மாறுதல் ஆணையை எதிர்த்து வழக்குப் போடலாமா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாவட்ட அலுவலகம் ஒன்றின் பணியமைப்புப் பிரிவில் பல வருடம் இருந்தவன் நான். நூற்றுக்கணக்கான மாறுதல் ஆணைகளுக்கு நானே வரைவு எழுதி மேலே அனுப்பியிருக்கிறேன். ஓய்வு பெற்ற பிறகு, அதே மாதிரி ஆணைகளைக் கையில் பிடித்துக்கொண்டு வருகிறவர்களோடு உட்கார்ந்து பேசுவது வாடிக்கையாகிவிட்டது. ஏப்ரல், மே வந்தால் போன் ஓயாது. கேட்பவர் மாறுவார், கேள்வி மாறாது. அதனால் ஒரே இடத்தில் எழுதி வைத்துவிட்டேன்.

நான் வழக்கறிஞர் இல்லை. உங்கள் கோப்பைப் பார்க்காமல் யாராலும் முடிவு சொல்ல முடியாது. வழக்கறிஞரிடம் போகும் முன் என்ன கேட்க வேண்டும், எதை எடுத்துப் போக வேண்டும் என்று தெரிந்துகொள்ள இது போதும்.

டிரான்ஸ்பர் ஆர்டர் வந்திருக்கு சார். கோர்ட்டுக்குப் போனா ரத்து ஆயிடுமா?

பெரும்பாலும் ஆகாது. இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. மாறுதல் என்பது அரசுப் பணியோடு ஒட்டிப் பிறந்தது. இந்த ஊரில்தான் வேலை பார்ப்பேன் என்று கேட்கும் உரிமை எந்த ஊழியருக்கும் கிடையாது என்று உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது.

நீதிமன்றம் பார்ப்பது மூன்றே விஷயம்தான். ஆணை போட்டவருக்கு அந்த அதிகாரம் இருக்கிறதா? சட்டப்படியான விதி ஏதாவது மீறப்பட்டிருக்கிறதா? கெட்ட உள்நோக்கமோ, மறைமுகத் தண்டனையோ உள்ளே ஒளிந்திருக்கிறதா? உங்களுக்கு எவ்வளவு கஷ்டம் என்பது இந்தப் பட்டியலில் இல்லை. மனுவில் பத்துப் பக்கம் குடும்பக் கஷ்டம் எழுதி, இந்த மூன்றில் ஒன்றைப் பற்றி ஒரு வரிகூட எழுதாமல் தோற்றவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

இந்தச் சட்டநிலையின் அடிக்கல் 1991-இல் வந்த ஷில்பி போஸ் வழக்கு. பீகாரில் சில ஆசிரியைகள் கணவர் வேலை பார்க்கும் ஊருக்கு மாறுதல் கேட்டு வாங்கினார்கள். அதனால் இடம் பறிபோன ஆசிரியர்கள் வழக்குப் போட்டு உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள். உச்ச நீதிமன்றம் அதைத் திருப்பிப் போட்டது. கட்டாய விதி மீறலோ உள்நோக்கமோ இல்லாவிட்டால் நீதிமன்றம் தலையிடக் கூடாது, நிர்வாக அறிவுரையை மீறிய ஆணையாக இருந்தால்கூட மேலதிகாரியிடம்தான் போக வேண்டும் என்றது. இன்றைக்கும் அரசுத் தரப்பு எடுத்து நீட்டும் முதல் தீர்ப்பு இதுதான்.

மூணு வருஷம் முடியறதுக்குள்ள மாத்தக் கூடாதுன்னு வழிகாட்டுதல் இருக்கே. அதை மீறியிருக்காங்களே?

இங்கேதான் பலரும் சறுக்குகிறார்கள். விதி வேறு, வழிகாட்டுதல் வேறு. அரசமைப்புச் சட்டத்தின் 309-ஆம் பிரிவின் கீழ் போட்ட பணி விதிகள், சட்டமன்றம் இயற்றிய சட்டம் இவற்றை மீறினால் வழக்குக்கு உயிர் உண்டு. துறைச் சுற்றறிக்கை, மாறுதல் கொள்கை, வழிகாட்டு நெறிமுறை என்று வருபவை நிர்வாகம் தனக்குத்தானே வைத்துக்கொண்ட ஒழுங்கு.

1993-இல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கு. ஷில்லாங்கில் மத்திய அரசின் தாவரவியல் ஆய்வுத் துறையில் இருந்தவரை இன்றைய உத்தராகண்டில் இருக்கும் பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கும் ஷில்லாங்கில்தான் வேலை, பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள், அவருக்கு முதுகெலும்புப் பிரச்சினை வேறு. தீர்ப்பாயம் ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. வழிகாட்டுதல்களை அதிகாரி மனதில் கொள்ள வேண்டும், ஆனால் அவை ஊழியருக்கு நீதிமன்றத்தில் கேட்டு வாங்கும் உரிமையைத் தராது என்றது.

விதிவிலக்கு சில பதவிகளுக்கு உண்டு. பிரகாஷ் சிங் வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம் டிஜிபி, மாவட்ட எஸ்பி, காவல் நிலையப் பொறுப்பு அதிகாரி போன்றோருக்கு இரண்டு ஆண்டு குறைந்தபட்சப் பணிக்காலம் என்றது. 2013-இல் டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் வழக்குத் தீர்ப்பு வந்த பிறகு, 2014-இல் ஐஏஎஸ் பணியிட விதிகளிலேயே இரண்டு ஆண்டு என்று சேர்த்தார்கள். கேரளத்தில் 2016-இல் மாற்றப்பட்ட டிஜிபி சென்குமாரை 2017-இல் உச்ச நீதிமன்றம் அதே நாற்காலியில் திரும்ப உட்கார வைத்தது. இளநிலை உதவியாளருக்கோ கிராம நிர்வாக அலுவலருக்கோ அந்தக் கவசம் கிடையாது.

எந்தக் கோர்ட்டுக்குப் போகணும்?

தமிழ்நாடு அரசு ஊழியர் என்றால் நேராக உயர் நீதிமன்றம், அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவின் கீழ் நீதிப்பேராணை (ரிட்) மனு. மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் 2006-இல் ஒழிக்கப்பட்டுவிட்டது. திருச்சி முதல் கன்னியாகுமரி வரையிலான தென்மாவட்டக்காரர்களுக்கு மதுரைக் கிளை. ஆணை சென்னையில் கையெழுத்தானது என்பதற்காகச் சென்னைக்கு ஓட வேண்டியதில்லை. ஒற்றை நீதிபதியிடம் தோற்றால் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு உண்டு.

அஞ்சல், ரயில்வே, வருமான வரி, கேந்திரிய வித்யாலயா ஆட்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் முதலில் போக வேண்டும். விண்ணப்பக் கட்டணம் 50 ரூபாய்தான். வழக்கறிஞர் கட்டணத்தை நான் சொல்லவில்லை. அங்கே தோற்றால் உயர் நீதிமன்றம். இந்த வரிசை 1997-இல் எல். சந்திரகுமார் தீர்ப்பில் நிலைபெற்றது. பொதுத்துறை வங்கி ஊழியர்கள் இந்தத் தீர்ப்பாயத்துக்குள் வரமாட்டார்கள், அவர்களுக்கு உயர் நீதிமன்றம். ராணுவத்தில் இருப்பவர்களுக்கு ஒரு வேடிக்கை: அவர்களுக்கென்று ஆயுதப்படைத் தீர்ப்பாயம் இருக்கிறது, ஆனால் அதன் சட்டமே இடமாற்ற விவகாரங்களை வெளியே தள்ளிவிட்டது. அவர்களும் உயர் நீதிமன்றம்தான்.

எத்தனை நாளுக்குள்ள வழக்குப் போடணும்?

மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் ஒரு வருடம் என்று சட்டம் சொல்கிறது. உயர் நீதிமன்றத்துக்குக் கெடு என்று எழுதி வைக்கவில்லை. ஆனால் மாறுதல் வழக்கில் நாட்காட்டியைப் பார்க்காதீர்கள், விடுவிப்பு ஆணையைப் பாருங்கள். பழைய இடத்திலிருந்து உங்களை விடுவித்து, உங்கள் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்துவிட்டால் வழக்கின் கனம் பாதி குறைந்துவிடும். ஆணை வந்த அன்றே நகல் எடுங்கள், எப்போது எப்படிக் கையில் கிடைத்தது என்று குறித்து வையுங்கள்.

முதல்ல மேலதிகாரிக்கு மனு கொடுக்கணுமா, நேரா கோர்ட்டா?

கொடுங்கள். ஒப்புகையோடு கொடுங்கள். ஷில்பி போஸ் தீர்ப்பே மேலதிகாரியிடம் போ என்றுதான் சொல்கிறது, அப்பாஸ் தீர்ப்பும் அப்படியே. குடும்பக் கஷ்டம், பிள்ளைகள் படிப்பு, வயதான பெற்றோர் எல்லாம் எழுத வேண்டிய இடம் இந்த மனுதான். நீதிபதிக்கு இல்லாத சுதந்திரம் உங்கள் மேலதிகாரிக்கு உண்டு. அவர் மனது வைத்தால் ஒரு வரியில் மாற்றிவிடலாம். நான் பார்த்த வரையில், கோர்ட்டில் ரத்தான ஆணைகளைவிட மேசையிலேயே திருத்தப்பட்ட ஆணைகள் அதிகம்.

ஆனால் மனு கொடுத்ததே பாதுகாப்பு என்று நினைத்துவிடாதீர்கள். மனுவைப் பரிசீலிக்கும்படி உத்தரவு வாங்குவதையும் பெரிய வெற்றியாக எண்ண வேண்டாம். நான்கு வாரத்துக்குள் மனுவைப் பரிசீலிக்கவும் என்று உத்தரவு வரும். பரிசீலித்தோம், ஏற்க இயலவில்லை என்று ஒரு பத்தியில் பதில் வரும். தமிழ்நாட்டிலிருந்து போன சி. ஜேக்கப் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றமே இந்தப் பரிசீலனை உத்தரவு வழக்கத்தைக் குறை சொல்லியிருக்கிறது.

மனு நிலுவையில இருக்கு. அதுவரைக்கும் புது இடத்துல சேராம இருக்கலாமா?

இருக்கக் கூடாது. குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவரைச் சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றினார்கள். மனு கொடுத்துவிட்டு அவர் சேரவே இல்லை. வேலையே போயிற்று. 1989-இல் உச்ச நீதிமன்றம் வாரியத்தின் பக்கம் நின்றது. தடையோ ரத்தோ கிடைக்காதவரை ஆணைக்குக் கீழ்ப்படிய வேண்டும், மனு நிலுவையில் இருப்பது சேராமல் இருக்கக் காரணமாகாது என்றது.

இங்கேயும் அதேதான். சேராத நாட்களுக்குச் சம்பளம் வராது, பின்னாலேயே பெரிய தண்டனைக்கு வழிவகுக்கும் 17(பி) குற்றச்சாட்டுக் குறிப்பாணை வரும். மாறுதல் ஆணையை எதிர்த்துப் போராட வேண்டியவர், அனுமதியின்றி வராதிருந்ததற்காகப் போராடிக்கொண்டிருப்பார். மாறுதல் தவறு என்று பிற்பாடு தீர்ப்பானாலும் இந்தக் குறிப்பாணை தானாக விழுந்துவிடாது.

சேர்ந்துட்டா ஆர்டரை ஏத்துக்கிட்ட மாதிரி ஆகாதா?

ஆகாது. பணியேற்பு அறிக்கையில் "எனது உரிமைகளுக்கும் தொடுக்கவுள்ள வழக்குக்கும் பாதகமின்றிப் பணியேற்கிறேன்" என்று ஒரு வரி சேர்த்துக் கொடுங்கள். இந்த ஒரு வரிக்குப் பயந்து மூன்று மாதம் வீட்டில் உட்கார்ந்தவர் ஒருவரை எனக்குத் தெரியும். எழுதிவிட்டு அடுத்த நாளே வழக்குப் போட்டவரையும் தெரியும். இரண்டாமவருக்குச் சம்பளம் ஒரு நாள்கூட நிற்கவில்லை.

உடனே மெடிக்கல் லீவ் போட்டுட்டா விடுவிக்க முடியாதுன்னு சொல்றாங்களே?

டீக்கடை சட்டம் இது. நீங்கள் இல்லாமலேயே விடுவிக்கலாம். விடுவிப்பு ஆணையைப் பதிவுத் தபாலில் அனுப்புவார்கள், வாங்கவில்லை என்றால் வீட்டுக் கதவில் ஒட்டுவார்கள். ஆணை வந்த மறுநாளே தொடங்கும் மருத்துவ விடுப்பை எந்த அலுவலகமும் சந்தேகத்தோடுதான் பார்க்கும். மருத்துவக் குழுவுக்கு அனுப்பினால் சிக்கல். உண்மையாகவே உடம்பு முடியவில்லை என்றால் தாராளமாக எடுங்கள், சிகிச்சைக் காகிதங்கள் உங்களுக்காகப் பேசும்.

ஸ்டேன்னா என்ன, ஸ்டேட்டஸ் கோன்னா என்ன? ரெண்டும் ஒண்ணுதானே?

ஒன்றில்லை. தடையாணை என்றால் மாறுதல் ஆணை இப்போதைக்குச் செயல்படாது. ஸ்டேட்டஸ் கோ என்றால் இன்றைக்கு உள்ள நிலை அப்படியே தொடரட்டும் என்பது. நேற்றே உங்களை விடுவித்துவிட்டார்கள் என்றால், இன்றைய நிலை என்பது விடுவிக்கப்பட்ட நிலை! ஸ்டேட்டஸ் கோ வாங்கிவிட்டோம் என்று இனிப்புக் கொடுத்துவிட்டு மறுநாள் அலுவலகத்தில் கையெழுத்துப் போட முடியாமல் நின்றவர்கள் உண்டு. வழக்கறிஞரிடம் விடுவிப்புத் தேதியை மறைக்காமல் சொல்லுங்கள், உத்தரவில் என்ன வார்த்தை வேண்டும் என்று அவர் பார்த்துக் கேட்பார்.

ஆர்டர்ல காரணமே இல்ல. 'நிர்வாக நலன் கருதி'ன்னு மட்டும் போட்டிருக்கு. அது செல்லுமா?

செல்லும். மாறுதல் ஆணையில் விளக்கமாகக் காரணம் எழுத வேண்டும் என்று கட்டாயம் இல்லை, கோப்பில் காரணம் இருந்தால் போதும். நானே அந்த மூன்று வார்த்தைகளை எத்தனை முறை எழுதினேனோ கணக்கில்லை. சில சமயம் உண்மையாகவே நிர்வாக நலன். சில சமயம்... சரி, விடுங்கள்.

ஆனால் இதில் ஒரு வாசல் இருக்கிறது. வழக்குப் போட்டதும் துறை பதில் மனுத் தாக்கல் செய்யும். ஆணையில் நிர்வாக நலன் என்று எழுதியவர்கள், பதில் மனுவில் இவர் சரியாக வேலை செய்வதில்லை, இவர்மேல் புகார்கள் உள்ளன என்று கொட்டிவிடுவார்கள். தங்கள் பக்கம் வலுவாகிறது என்று நினைப்பு. உண்மையில் அது ஊழியருக்குக் கிடைத்த வரம், ஏனென்றால் விசாரணை இல்லாமல் தண்டித்தோம் என்று அவர்களே எழுதிக் கொடுத்த மாதிரி. பதில் மனு வந்தால் முதல் வேலையாக அதை வரி வரியாகப் படியுங்கள்.

மொட்டைக் கடுதாசி ஒண்ணு வந்துச்சு, அதை வச்சு தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திட்டாங்க. இதுக்குமா தலையெழுத்துன்னு இருக்கணும்?

வேண்டாம். சோமேஷ் திவாரி வழக்கைக் கேட்டு வாங்கிப் படியுங்கள், 2009. போபாலில் இருந்த கலால் துறை அதிகாரிமீது பெயரில்லாப் புகார் வந்தது. விசாரித்தார்கள், ஒன்றும் நிற்கவில்லை. அப்படியும் ஷில்லாங்குக்குத் தூக்கினார்கள், பிறகு அகமதாபாத் என்று மாற்றினார்கள். தண்டனைக்குப் பதிலாகப் போடும் மாறுதல் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. யாரோ ஒருவருக்குத் தனிப்பட்ட பகை இருந்ததாகக் காட்டக்கூடத் தேவையில்லை. சம்பந்தமே இல்லாத ஒன்றை அடிப்படையாக வைத்து அதிகாரத்தைப் பயன்படுத்துவதே சட்டத்தின் பார்வையில் கெட்ட நோக்கம்தான் என்பது அந்தத் தீர்ப்பின் முக்கியமான பகுதி.

அப்போ புகார் இருந்தாலே மாத்தக் கூடாதுதானே?

அப்படியும் இல்லை, இது நுணுக்கமான இடம். 2004-இல் ஜனார்தன் தேப்நாத் வழக்கு. திரிபுராவில் அஞ்சல் ஊழியர்கள் சிலர் பெண் உயரதிகாரி ஒருவரிடம் முறைகேடாக நடந்துகொண்டார்கள் என்று மாற்றப்பட்டார்கள். விசாரணை இல்லாமல் மாற்றியது தண்டனை என்று உயர் நீதிமன்றம் சொன்னது. உச்ச நீதிமன்றம் மறுத்தது. அலுவலகத்தில் ஒழுங்கு கெடாமல் இருக்க ஒருவரை நகர்த்துவதற்கு முழு விசாரணை தேவையில்லை, முதல்நோக்கில் திருப்தி இருந்தால் போதும் என்றது.

இரண்டையும் எப்படிப் பொருத்துவது? நான் புரிந்துகொண்ட விதம் இது. மாற்றினால் அந்த அலுவலகத்தில் வேலை சுமுகமாக நடக்கும் என்ற நிலை இருந்தால் அது நிர்வாகம். மாற்றுவதால் அலுவலகத்துக்கு ஒரு லாபமும் இல்லை, உங்களுக்கு வலிக்க வேண்டும் என்பது மட்டுமே பலன் என்றால் அது தண்டனை. தூரமும் ஒரு தடயம்தான். பக்கத்துத் தாலுகாவில் காலியிடம் இருக்க, 500 கிலோமீட்டர் தள்ளி அனுப்பினால் அதை மனுவில் கட்டாயம் எழுதுங்கள்.

எம்எல்ஏ சொல்லித்தான் மாத்தினாங்க, கடிதமே இருக்கு. இது போதாதா?

கடிதம் மட்டும் போதாது. மக்கள் பிரதிநிதி ஒரு அதிகாரியைப் பற்றிக் குறை சொல்வது அவர் வேலையில் ஒரு பகுதி, அதனால் மட்டும் மாறுதல் கெட்டுப்போகாது என்று 2007-இல் மொஹம்மத் மசூத் அகமத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. துறை தன் மூளையைப் பயன்படுத்தியதா, கடிதத்தை அப்படியே ஆணையாகத் தட்டச்சு செய்ததா என்பதுதான் கேள்வி. கடிதம் வந்த தேதியும் ஆணைத் தேதியும் ஒன்றாக இருந்து, இடையில் கோப்பில் ஒரு குறிப்புகூட இல்லை என்றால் உங்கள் வாதத்துக்குச் சதை கிடைக்கும்.

அப்புறம் ஒன்று. மாறுதலை நிறுத்த நீங்கள் இன்னொரு எம்எல்ஏவிடம் போகாதீர்கள். வெளிச் செல்வாக்கைக் கொண்டுவருவது நடத்தை விதிகளின்படி குற்றம். அந்தச் சிபாரிசுக் கடிதத்தை அரசுத் தரப்பு நீதிபதியிடம் நீட்டினால் பேச வாய் இருக்காது.

உள்நோக்கம் இருக்குன்னு எப்படி நிரூபிக்கறது?

கஷ்டம். இந்த விஷயத்தில் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றுதான் இந்தியா முழுக்க மேற்கோள் காட்டப்படுகிறது. தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பா 1971-இல் மாநிலத் திட்டக்குழுவின் துணைத்தலைவர் பதவிக்கும், பிறகு தனி அதிகாரி பதவிக்கும் மாற்றப்பட்டதை எதிர்த்து, முதலமைச்சரின் உள்நோக்கம் என்று உச்ச நீதிமன்றம் போனார். ஐந்து நீதிபதிகள் அமர்வு. மனு தள்ளுபடி. உள்நோக்கம் என்று சொல்பவர்மேல்தான் நிரூபிக்கும் பாரம், அந்தப் பாரம் மிகக் கனமானது, சந்தேகம் ஆதாரம் ஆகாது என்றார்கள். அதே தீர்ப்பில்தான் அரசின் தான்தோன்றித்தனம் சமத்துவத்துக்குப் பகை என்ற கோட்பாடும் பிறந்தது. தோற்றவரின் வழக்கிலிருந்து இத்தனை பேருக்கு ஆயுதம் கிடைத்தது அபூர்வம்.

நடைமுறைக்கு வருவோம். யாருக்கு உள்நோக்கம் என்கிறீர்களோ, அவரைப் பதவிப் பெயரால் மட்டுமல்ல, சொந்தப் பெயராலும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். இல்லாவிட்டால் அந்தக் குற்றச்சாட்டை நீதிமன்றம் காதில் வாங்காது. தேதிகளை வரிசையாக எழுதுங்கள்: என்றைக்குச் சண்டை, என்றைக்குப் புகார், என்றைக்கு ஆணை. தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய்க் கட்டணத்தில் கோப்புக் குறிப்புகளின் நகல் கேளுங்கள். பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு என்பதால், ஆணை வந்த அன்றே மனுப் போட்டுவிடுங்கள்.

ஆணை போட்டவருக்கு அதிகாரமே இல்லைன்னு எப்படிக் கண்டுபிடிக்கறது?

இருப்பதிலேயே வலுவான காரணம் இது. இருந்தும் யாரும் முதலில் பார்ப்பதில்லை. உங்கள் பதவிக்கு நியமன அதிகாரி யார், மாவட்டத்துக்குள் மாற்ற யாருக்கு அதிகாரம், மாவட்டம் விட்டு மாவட்டம் மாற்ற யாருக்கு என்று உங்கள் பணி விதிகளில் இருக்கும். வட்டார அதிகாரி மாவட்ட மாறுதல் போட்டிருந்தால் உள்நோக்கம், கஷ்டம் எதுவும் பேச வேண்டாம், இந்த ஒன்றே போதும். ஆணையின் கீழே இருக்கும் கையெழுத்தையும் பதவியையும் படிக்காமல் ஊர்ப் பெயரை மட்டும் படித்துவிட்டு அழுகிறோம்.

கணவன் மனைவி ஒரே ஊர்ல இருக்கணும்னு ஆணை இருக்கே?

மத்திய அரசு 2009-இல் வெளியிட்ட அறிவுரை இருக்கிறது, மாநிலத்திலும் கலந்தாய்வில் தம்பதியருக்கு முன்னுரிமை தருகிறார்கள். ஆனால் மேலே இரண்டாவது கேள்வியில் சொன்னதுதான்: வழிகாட்டுதல் உரிமையாகாது. அப்பாஸ் வழக்கே தம்பதியர் வழக்கு.

ஆனாலும் காற்று கொஞ்சம் மாறியிருக்கிறது. 2022-இல் எஸ்.கே. நௌசாத் ரகமான் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஊழியர்களின் கோரிக்கையை ஏற்கவில்லை. அதே சமயம், மாறுதல் கொள்கை வகுக்கும்போது தம்பதியர் சேர்ந்து வாழ்வதையும், பெண்கள் சுமக்கும் வீட்டுப் பொறுப்பையும், மாற்றுத்திறனாளிகளையும் அரசு கணக்கில் எடுக்க வேண்டும் என்று மறுபரிசீலனை செய்யச் சொன்னது. கோரிக்கை மனுவில் இதைக் குறிப்பிடுங்கள்.

நான் மாற்றுத்திறனாளி. எனக்கும் இதே கதிதானா?

உங்கள் நிலை சற்று வலுவானது. 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு, மாறுதல், பணியமர்த்தல் பற்றித் தனிக் கொள்கை வகுக்க இடம் தருகிறது. அதாவது உங்கள் கோரிக்கைக்குப் பின்னால் வெறும் சுற்றறிக்கை இல்லை, ஒரு சட்டம் நிற்கிறது. மாற்றுத்திறனாளிப் பிள்ளையைப் பராமரிக்கும் மத்திய அரசு ஊழியருக்கு வழக்கமான சுழற்சி மாறுதலிலிருந்து விலக்கு அளிக்கும் ஆணைகளும் உண்டு. சான்றிதழ் நகலை இணைக்க மறக்காதீர்கள்.

மேலதிகாரி மேல பாலியல் புகார் கொடுத்தேன். ரெண்டே மாசத்துல எனக்கு டிரான்ஸ்பர்.

இது நீதிமன்றம் உன்னிப்பாகப் பார்க்கும் வகை. பொதுத்துறை வங்கி ஒன்றின் பெண் அதிகாரி, கிளையில் நடந்த முறைகேடுகளைப் பற்றி எழுதினார், பாலியல் துன்புறுத்தல் புகாரும் கொடுத்தார். இந்தூரிலிருந்து ஜபல்பூர் மாவட்டத்துக் கிளை ஒன்றுக்கு மாற்றினார்கள். அது அவரைவிடப் பல படி கீழே உள்ள அதிகாரிக்கான இடம். பழிவாங்கல் என்று கண்டு, அவரை இந்தூருக்கே அனுப்பும்படியும் 50,000 ரூபாய் செலவுத் தொகை தரும்படியும் 2020-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

சட்டப்படி, விசாரணை நடக்கும்போது புகார் கொடுத்தவர் எழுதிக் கேட்டால் அவரையோ எதிர்த்தரப்பையோ மாற்ற, புகாரை விசாரிக்கும் குழு பரிந்துரைக்கலாம். கேட்காமலேயே உங்களை மாற்றியிருந்தால், 'உங்கள் பாதுகாப்புக்காகத்தான்' என்ற பதில் எடுபடுவது கடினம்.

ஸ்டிரைக்ல கலந்துக்கிட்டதுக்கு மாத்தினா?

2019 அக்டோபர் கடைசியில் அரசு மருத்துவர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது பலரைத் தூர மாவட்டங்களுக்கு மாற்றினார்கள். 2020 பிப்ரவரியில் சென்னை உயர் நீதிமன்றம் அந்த மாறுதல்களை ரத்து செய்தது. ஆனால் அரசு ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமை கிடையாது என்ற 2003-ஆம் ஆண்டு ரங்கராஜன் தீர்ப்பு அப்படியேதான் இருக்கிறது. அதாவது ஒழுங்கு நடவடிக்கை எடுக்க வழி இருக்கிறது. அதை விட்டுவிட்டு மாறுதலைச் சாட்டையாகச் சுழற்றினால்தான் கேள்வி எழும். மொட்டைக் கடுதாசிக் கேள்வியில் சொன்ன அதே தர்க்கம்.

ஒரே வருஷத்துல மூணு தடவை மாத்திட்டாங்க சார்.

வரதராவ் வழக்கில் 1986-இலேயே உச்ச நீதிமன்றம், அடிக்கடி நிகழும் காரணமற்ற மாறுதல்கள் ஒரு குடும்பத்தை வேரோடு பிடுங்கிவிடும் என்று வருத்தப்பட்டிருக்கிறது. எண்ணிக்கை தானாக வெற்றி தராது, ஆனால் உள்நோக்கத்துக்கு நல்ல சாட்சி. மூன்று ஆணைகளையும் சேர்த்து வையுங்கள், ஒவ்வொரு முறையும் உங்கள் இடத்துக்கு யார் வந்தார் என்று குறியுங்கள். ஒரே ஆள் திரும்பத் திரும்ப வந்தால் சொல்லவே வேண்டாம்.

பணி நிரவல்ல எனக்கு ஜூனியர் இருக்கும்போது என்னை உபரின்னு காட்டிட்டாங்க.

ஆசிரியர்கள் அதிகம் கேட்பது. மாணவர் எண்ணிக்கைக்கு மேல் இருக்கும் ஆசிரியரை உபரி என்று கணக்கிட்டு, தேவையுள்ள பள்ளிக்கு நகர்த்துவதுதான் பணி நிரவல். உபரி என்று வரும்போது அந்தப் பாடத்தில் இளையவர்தான் நகர வேண்டும் என்பது நடைமுறை. இங்கே நீங்கள் அந்த ஊர்தான் வேண்டும் என்று அடம்பிடிக்கவில்லை, அறிவித்த அளவுகோலை எல்லோருக்கும் ஒரே மாதிரி வையுங்கள் என்கிறீர்கள். அது அரசமைப்புச் சட்டத்தின் 14-ஆம் பிரிவின் சமத்துவ வாதம், கேட்பதற்கே எடுப்பாக இருக்கும். முன்னுரிமைப் (சீனியாரிட்டி) பட்டியல், மாணவர் எண்ணிக்கை, பாடவாரியான பணியிட விவரம் மூன்றும் கையில் இருக்கட்டும். இளையவரையும் வழக்கில் சேர்க்க வேண்டும்; மனசுக்குச் சங்கடம்தான், ஆனால் வேறு வழியில்லை.

சம்பளம் குறைவான பதவிக்கு, இல்லன்னா வேற நிறுவனத்துக்கு அனுப்பினா?

அடிப்படை விதி 15 சொல்கிறது: திறமையின்மை, தவறான நடத்தை, அல்லது நீங்களே எழுதிக் கேட்டது தவிர வேறு காரணத்துக்காகக் குறைந்த சம்பளப் பதவிக்கு மாற்ற முடியாது. விதி 110-இன்படி பொதுவாக விருப்பமில்லாமல் அயல்பணிக்கும், அதாவது வேறு நிறுவனத்து வேலைக்கும், அனுப்ப முடியாது. இவை விதிகள், வழிகாட்டுதல்கள் அல்ல. இரண்டாவது கேள்வியில் சொன்ன வேறுபாடு இங்கே உங்களுக்குச் சாதகம்.

தேர்தலுக்காக மாத்தினா?

விட்டுவிடுங்கள். சொந்த மாவட்டத்தில் இருப்பவர்கள், நான்கு வருடத்தில் மூன்று வருடம் ஒரே மாவட்டத்தில் இருந்தவர்கள் என்று தேர்தல் ஆணையம் பட்டியல் கேட்கும். வழக்குப் போட்டு விசாரணைக்கு வருவதற்குள் ஓட்டு எண்ணி முடித்திருப்பார்கள். தேர்தல் முடிந்ததும் திரும்ப அனுப்பக் கேட்டு மனு கொடுங்கள்.

போக்குவரத்துக் கழகத்துல இருக்கேன். இதெல்லாம் எனக்கும் பொருந்துமா?

நீங்கள் அரசு ஊழியர் இல்லை, தொழிலாளர். உங்களுக்கு இன்னொரு கதவு இருக்கிறது. நிர்வாகக் கொள்கை என்ற போர்வையில் தொழிலாளியைக் கெட்ட நோக்கத்தோடு இடம் மாற்றுவதை, நியாயமற்ற தொழிலாளர் நடைமுறை என்று தொழிற்தகராறு சட்டம் பட்டியலிட்டிருந்தது. அதன் இடத்துக்கு வந்த தொழிலுறவுத் தொகுப்புச் சட்டத்திலும் அது இருக்கிறது. தொழிற்சங்கத்தோடு பேசிவிட்டுப் போங்கள்.

நானா விருப்ப மாறுதல் வாங்கிட்டா சீனியாரிட்டி போகுமா?

ஒரே முன்னுரிமைப் பட்டியலுக்குள் மாறினால் போகாது. மாவட்டமோ அலகோ மாறிச் சொந்த விருப்பத்தில் போனால், பொதுவாக அங்கே கடைசி ஆள் நீங்கள்தான். சமரசமாக "நீங்களே விருப்பம்னு எழுதிக் குடுத்துடுங்க, பக்கத்து மாவட்டம் தர்றோம்" என்று சொல்வார்கள். பதவி உயர்வு எத்தனை வருடம் தள்ளிப்போகும் என்று கணக்குப் போடாமல் கையெழுத்திடாதீர்கள். கேட்டு வாங்கிய மாறுதலுக்குப் பயணப்படியும் கிடைக்காது.

கோர்ட் ரத்து பண்ணிடுச்சு. ஒரே மாசத்துல வேற காரணம் சொல்லி மறுபடி மாத்திட்டாங்க. அவமதிப்பு வழக்குப் போடலாமா?

பழைய ஆணையையே வேறு எண் போட்டுத் திரும்ப வெளியிட்டது போல இருந்தால் போடலாம். ஒரு வருடத்துக்குள் போட வேண்டும். அதிகாரமில்லாதவர் போட்டார் என்று ரத்தாகி, இப்போது அதிகாரமுள்ளவர் போட்டிருந்தால் அது புது ஆணை, அவமதிப்பில் வராது, புதிதாக வழக்குத்தான். அதனால் தீர்ப்பு நகல் கைக்கு வந்ததும், எதற்காக ரத்து செய்தார்கள் என்ற பத்தியைத் தேடி அடிக்கோடு போட்டு வையுங்கள். இரண்டாவது வழக்கு தேவைப்பட்டால் வழக்கறிஞர் முதலில் கேட்கப்போவது அந்தப் பத்தியைத்தான்.